பரேடு மைதானத்துப் பள்ளம்

சென்னை அரசு அருங்காட்சியகம் 1914இல் ஒரு புத்தகத்தையும் 1916இல் அதன் தொடர்ச்சியையும் வெளியிட்டது. முதலாவது முழுக்கப் பட்டியல். இரண்டாவது, பட்டியலில் உள்ள பொருட்களின் காலத்தையும் அவை கிடைத்த இடங்களின் பரவலையும் பற்றிய குறிப்புகள், படங்களோடு. எழுதியவர் ராபர்ட் புரூஸ் ஃபூட். இரண்டையுமே அவர் அச்சில் பார்க்கவில்லை. 1912 டிசம்பர் 29 அன்று கல்கத்தாவில் காலமாகிவிட்டார்.

சுவாரசியத்துக்காக யாரும் எடுத்துப் படிக்கக்கூடிய நூல்கள் அல்ல இவை. பொருளுக்கு ஓர் எண், அது என்ன பொருள், எந்தக் கல், எந்த ஊரில் கிடைத்தது. அடுத்த எண், அடுத்த ஊர். பக்கம் பக்கமாக இப்படியே போகும். ஆனால் இந்தியாவில் எழுத்துக்கு முந்தைய மனிதனைப் பற்றி அதற்குப் பிறகு எழுதப்பட்ட எல்லாவற்றுக்கும் இந்த இரண்டு நூல்கள்தான் அடித்தளம். அந்தப் பட்டியல் தொடங்கிய இடமான பல்லாவரம் தென்சென்னைப் புறநகரில் இருக்கிறது.

நாவலூரில் குடியிருப்பவர்கள் விமான நிலையம் போக வேண்டுமென்றால் பழைய மாமல்லபுரம் சாலையில் வடக்கே துரைப்பாக்கம் வரை வந்து, அங்கிருந்து ரேடியல் சாலையில் திரும்பி, பள்ளிக்கரணைச் சதுப்பைத் தாண்டிப் பல்லாவரத்தில் ஏறுவார்கள். இருபது கிலோமீட்டர் சொச்சம்தான். இந்தக் குறுகிய தூரத்துக்குள் தரை பலமுறை மாறுகிறது. நாவலூருக்குக் கிழக்கே உப்பங்கழியும் கடற்கரை மணலும். மேற்கே ஏரிகள், களிமண். பல்லாவரம் நெருங்கும்போது திரிசூலம், பரங்கிமலை என்று கரும்பாறைக் குன்றுகள். குன்றுகளின் அடிவாரத்தில் ஆங்காங்கே செம்புரைச் சரளை, அதாவது லாரிக்காரர்கள் ‘கிராவல்’ என்று சொல்லும் செம்மண்.

1863 மே 30. பல்லாவரம் அப்போது ராணுவக் கன்டோன்மென்ட். படை அணிவகுக்கும் பரேடு மைதானத்தைச் சுற்றிய அகழியில் சரளை எடுக்க யாரோ ஒரு சிறு பள்ளம் தோண்டி, மண்ணை வெளியே வாரிப் போட்டிருந்தார்கள். இந்திய நிலவியல் ஆய்வுத்துறையில் வேலை பார்த்த இருபத்தெட்டு வயது ஃபூட், அந்தக் குவியலில் கிடந்த ஒரு கல்லை எடுத்துப் பார்த்தார். இருபக்கமும் செதுக்கப்பட்ட கைக்கோடரி. இந்தியாவில் பழைய கற்காலக் கருவி என்று அடையாளம் காணப்பட்ட முதல் கல் அது.

மே மாத வெயிலில் ஒரு கல்லைப் பார்த்து, இது மனிதன் செய்தது என்று அவருக்கு எப்படித் தோன்றியது? இதில் அதிர்ஷ்டத்துக்குப் பங்கு உண்டு. ஆனால் அதைவிடப் பெரிய பங்கு அவர் படித்துக்கொண்டிருந்த செய்திகளுக்கு. 1859இல் பிரிட்டிஷ் நிலவியலாளர் ஜோசப் பிரெஸ்ட்விச்சும் ஜான் எவான்ஸும் பிரான்சின் சோம் ஆற்றுப் பள்ளத்தாக்குக்குப் போனார்கள். அங்கே பூஷே தெ பெர்த் என்ற சுங்க அதிகாரி, அழிந்துபோன விலங்குகளின் எலும்புகளோடு ஒரே சரளைப் படிவில் செதுக்கிய கற்கள் கிடைப்பதாகப் பல ஆண்டுகளாகச் சொல்லிக்கொண்டிருந்தார்; யாரும் சட்டை செய்யவில்லை. போனவர்கள் பார்த்தார்கள், ஒப்புக்கொண்டார்கள். உலகம் ஆறாயிரம் ஆண்டு வயதுதான் என்ற நம்பிக்கையில் வளர்ந்த ஒரு தலைமுறைக்கு அது பெரிய அதிர்ச்சி. பல்லாவரத்துக் கல் கிடைத்த அதே 1863இல்தான் மனித இனத்தின் பழமை குறித்த சார்லஸ் லயலின் நூலும், இயற்கையில் மனிதனின் இடம் குறித்த ஹக்ஸ்லியின் நூலும் லண்டனில் வெளியாயின. ஃபூட் இந்தச் சூட்டோடுதான் சரளைக் குழிகளைப் பார்த்துக்கொண்டு போனார். தேடாதவன் கண்ணில் அது வெறும் கல்.

இரண்டாவது காரணம், அவருக்குப் பாறை தெரியும். பல்லாவரக் குன்றுகள் சார்னோகைட் என்ற கடினமான கரும்பாறையால் ஆனவை. இந்தப் பாறைக்கே ஒரு கிளைக்கதை உண்டு. கல்கத்தாவில் ஜோப் சார்னாக் என்ற ஆங்கிலேய வணிகரின் கல்லறை மீது பதித்த கல் இந்த வகைப் பாறைதான். அதனால்தான் தாமஸ் ஹாலண்ட் என்ற நிலவியலாளர் பின்னாளில் அவர் பெயரையே பாறைக்குச் சூட்டினார். உலக நிலவியலாளர்கள் இதன் மூல இடமாகக் குறிப்பது பல்லாவரம், பரங்கிமலை வட்டாரத்தை. இருக்கட்டும். ஃபூட் கையில் எடுத்த கோடரி சார்னோகைட் அல்ல, குவார்ட்சைட். மணற்கல் பூமிக்குள் வெந்து இறுகி, மணிகள் ஒன்றோடொன்று ஒட்டிப்போன பாறை. அது இந்தக் குன்றுகளில் கிடையாது. வடமேற்கே நகரி மலையிலும் அல்லிக்குழிக் குன்றுகளிலும் இருப்பது. ஆகவே அந்தக் கல் பல்லாவரத்துக்கு வந்து சேர்ந்த கல். ஆறு உருட்டி வந்திருந்தால் முனைகள் மழுங்கியிருக்கும். செதுக்கிய விளிம்பு விளிம்பாகவே இருந்தால் வேறு விடை தேட வேண்டும்.

இதில் ஒரு குறை உண்டு. ஃபூட்டே அதை நன்றாக அறிந்திருந்தார். பல்லாவரத்துக் கல் கிடந்தது வெளியே வாரிப்போட்ட மண்ணில். அது எந்த அடுக்கில் இருந்தது, மேலிருந்து விழுந்ததா, வேறெங்கோ இருந்து வந்ததா என்று ஒருவர் கேட்டால் பதில் சொல்ல முடியாது. கருவியின் வயது என்பது அது படுத்திருந்த படிவின் வயது. படிவை இழந்த கருவிக்கு வயதும் இல்லை. அதனால் ஃபூட் தேடலை நிறுத்தவில்லை. நான்கே மாதங்களில், செப்டம்பர் 28 அன்று, சக நிலவியலாளர் வில்லியம் கிங்கோடு சென்னைக்கு வடமேற்கே சுமார் அறுபது கிலோமீட்டரில், கொசஸ்தலை ஆற்றை ஒட்டிய அத்திரம்பாக்கத்தில், ஓடைக்கரையில் கருவிகள் ஏராளமாகக் கிடப்பதைக் கண்டார். இங்கே சரளைப் படிவு வெட்டுமுகமாகத் தெரிந்தது. படிவுக்குள்ளேயே கருவிகள் இருந்தன. இதையெல்லாம் தொகுத்து அவர் எழுதிய கட்டுரை 1866இல் சென்னை இலக்கிய, அறிவியல் இதழில் வெளிவந்தது. பல்லாவரத்துக்குத்தான் புகழ். அறிவியலுக்குச் சான்றைக் கொடுத்தது அத்திரம்பாக்கம்.

இங்கே ஒரு குடும்பச் செய்தியைச் சொல்லாமல் போக மனம் வரவில்லை. ஃபூட்டின் மாமனார் பீட்டர் பெர்சிவல் பாதிரியார். யாழ்ப்பாணத்தில் ஆறுமுக நாவலரைத் துணைகொண்டு விவிலியத்தைத் தமிழாக்கிய அதே பெர்சிவல். பிறகு சென்னை மாநிலக் கல்லூரியில் ஆசிரியர். ‘தினவர்த்தமானி’ இதழை நடத்தியவர். அந்த இதழில் சி. வை. தாமோதரம் பிள்ளை பணியாற்றினார். பின்னாளில் ஏட்டுச்சுவடிகளிலிருந்து கலித்தொகையைப் பதிப்பித்தவர். சென்னையின் ஒரே சிறிய வட்டத்துக்குள் ஒருவர் ஓலையில் பழமையைத் தேடிக்கொண்டிருக்க, இன்னொருவர் சரளையில் தேடினார். மருமகன் பல்லாவரத்திலிருந்து கொண்டுவந்த கல்லைப் பற்றி மாமனார் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் என்ன பேச்சு நடந்திருக்கும் என்று நான் பலமுறை யோசித்ததுண்டு.

சரி, அந்தக் கல்லுக்கு வருவோம். மனிதப் பண்பாட்டின் தொடக்கத்தைப் பேசும்போது நாம் ஓவியத்தையும் சமாதியையும் தெய்வ உருவத்தையும்தான் முதலில் நினைக்கிறோம். அவை மிகவும் பிந்தியவை. ஒரு கைக்கோடரியை உற்றுப் பார்த்தால் அவற்றுக்கெல்லாம் முன்பே நடந்து முடிந்த ஒன்று தெரியும்.

ஒரு பெரிய குவார்ட்சைட் செதிலை எடுத்துக்கொள்ளுங்கள். இன்னொரு உருண்டைக் கல்லைச் சுத்தியலாகக் கொண்டு அதன் விளிம்பில் அடிக்க வேண்டும். எங்கு வேண்டுமானாலும் அடித்தால் கல் நொறுங்கும், அல்லது ஒன்றும் ஆகாது. அடிபடும் முகத்துக்கும் செதில் கழலும் முகத்துக்கும் இடையிலுள்ள கோணம் செங்கோணத்தைவிடக் குறைவாக இருக்க வேண்டும். அப்போதுதான் செதில் சுத்தமாகக் கழன்று விழும். ஒரு செதில் விழுந்த வடுவே அடுத்த அடிக்கான மேடை. ஆகவே இந்த அடி அடிக்கும்போதே அடுத்த அடியை யோசித்தாக வேண்டும். நடுவில் கல்லைத் திருப்பி மறுபக்கம் செதுக்க வேண்டும். கடைசியில் ஒரு முனை கூம்பி, மறுமுனை உருண்டு, நடுவே ஒரு கோடு கிழித்தால் இரண்டு பாதியும் ஏறக்குறைய ஒத்துப்போகும் உருவம் வரும். பாறைக்குள் இந்த உருவம் இல்லை. அது செய்தவரின் மனதில் இருந்தது.

மனதில் அது எப்படி வந்தது? பிறவியிலேயே வந்திருக்க முடியாது. தொல்லியல் ஆய்வகங்களில் கல் செதுக்கக் கற்றுக்கொள்ளும் மாணவர்கள் ஒழுங்கான ஒரு கைக்கோடரி செய்ய மாதக்கணக்கில் விரல்களைக் காயப்படுத்திக்கொள்கிறார்கள். யாரோ செய்ய, யாரோ பக்கத்தில் உட்கார்ந்து பார்க்க, கை பிடித்துத் திருத்த, இப்படித்தான் அது ஒரு தலைமுறையிலிருந்து அடுத்ததற்குப் போயிருக்க வேண்டும். மரபணு வழியாக அல்லாமல் பழக்கத்தின் வழியாகக் கைமாறுவதுதான் பண்பாடு என்றால், பல்லாவரத்துக் கல் அதன் முழுமையான சான்று. பேச்சு இருந்ததா? தெரிய வழியில்லை. கற்றல் இருந்தது.

எனக்கு இதைவிட வியப்பாக இருப்பது அந்த உருவத்தின் பிடிவாதம். கென்யாவின் துர்கானா ஏரிக்கு மேற்கே கிடைத்த கைக்கோடரிகளின் வயது சுமார் 17.6 லட்சம் ஆண்டு. பிரான்சில் செயின்ட் அஷூல் என்ற இடத்தில் கிடைத்தவை அவற்றைவிட எத்தனையோ லட்சம் ஆண்டு பிந்தியவை. அந்த ஊரின் பெயரில்தான் இந்த மரபு முழுவதையும் அஷூலியம் என்கிறார்கள். இத்தனை காலத்திலும், இத்தனை தூரத்திலும், உருவம் அடிப்படையில் மாறவில்லை. புதுமை செய்யத் தெரியாத மந்த மூளை என்று சிலர் சொல்வார்கள். அந்தத் தீர்ப்பு அவசரமானது. பத்து லட்சம் ஆண்டு ஓர் உத்தியை மறக்காமல் கைமாற்றியதும் ஒரு திறமைதான். நம்முடைய எந்த உத்திக்கும் அந்தப் பெருமை இன்னும் கிடைக்கவில்லை.

ஃபூட் 1891இல் அரசுப் பணியிலிருந்து ஓய்வு பெற்றார். பிறகு பரோடா சமஸ்தானத்துக்கும் மைசூருக்கும் நிலவியல் வேலை செய்தார். ஏற்காட்டில் வீடு. எங்கே பாறையை அளக்கப் போனாலும் கற்கருவிகளையும் ஓடுகளையும் பொறுக்கிக்கொண்டே வந்தார். நானூறுக்கும் மேற்பட்ட இடங்கள். 1904இல் அந்தச் சேகரிப்பைச் சென்னை அருங்காட்சியகம் விலைக்கு வாங்கியது. இன்றும் எழும்பூரில் உள்ள அந்த அருங்காட்சியகத்தில் அதில் ஒரு பகுதியைப் பார்க்கலாம்.

அவர் காலத்தில் தொல்பொருள் சேகரிப்பு என்பது பெரும்பாலும் கனவான்களின் அலமாரி அலங்காரம். அழகான பொருள் இருக்கும். எந்த ஊரில் கிடைத்தது என்ற சீட்டு இருக்காது. ஃபூட் நிலவியல் வரைபடம் போடப் பழகிய ஆள். கல்லைவிடக் கல் கிடந்த இடம் முக்கியம் என்பது அவருக்குத் தொழிலிலேயே ஊறியது. பட்டியலை ஊர் வாரியாகவும் ஆற்றுப் படுகை வாரியாகவும் அடுக்கியது இதனால்தான். அந்த வறட்டுப் பக்கங்களை இன்று எடுத்துக்கொண்டு ஓர் ஆய்வாளர் அதே ஓடைக்கரைக்குப் போய் நிற்க முடிகிறது. நூறு ஆண்டு கழித்தும் பயன்படும் அறிவியல் நூல்கள் குறைவு; பயன்படுபவை பெரும்பாலும் இப்படிப் பட்டியலாகவே இருப்பது தற்செயல் அல்ல என்றே நினைக்கிறேன்.

குறிப்புகள் அடங்கிய இரண்டாம் நூலில்தான் ஃபூட் கொஞ்சம் வாய்திறக்கிறார். அவருடைய ஊகங்களில் சில வியப்பூட்டும் வகையில் நிலைத்தன. பல்லாரி, ராய்ச்சூர் பக்கங்களில் பெரிய பெரிய சாம்பல் மேடுகள் உண்டு. எரிமலைச் சாம்பல் என்றார்கள், வேள்வி நடந்த இடம் என்றார்கள், அரக்கனை எரித்த இடம் என்றது ஊர்க்கதை. மாட்டுச்சாணம் குவிந்து எரிந்த மேடு என்ற விளக்கத்தை ஃபூட் எடுத்துக்கொண்டு, புதிய கற்கால மக்களோடு அதை இணைத்தார். 1950களில் ஃபிரெடரிக் சோய்னர் சாம்பலை ஆராய்ந்ததும், ரேமண்ட் ஆல்சின் உட்னூரில் அகழ்ந்ததும் அதை உறுதி செய்தன: தென்னிந்தியாவின் முதல் மாட்டுப்பட்டிகள். பல்லாரி அருகே குப்கல் மலையில் கற்கோடரிகள் பாதி செய்த நிலையில் குவிந்து கிடந்ததைப் பார்த்து, முதலில் செதுக்கி, பிறகு கொத்தி, அரைத்து, மெருகேற்றிய வரிசையையும் அவர் எழுதிவைத்தார். இன்றைய பாடநூல்களிலும் அதே வரிசைதான். அப்படி மெருகேற்றிய கோடரிகளைச் சேர்வராயன் மலையிலும் சவ்வாது மலையிலும் பிள்ளையாராக வைத்துக் கும்பிடுகிறார்கள். கல் செய்தவர்கள் போய் மூவாயிரம் ஆண்டுக்கு மேல் ஆகியும் கல்லுக்கு வேலை தீரவில்லை.

தெற்கில் கல்லுக்குப் பிறகு நேராக இரும்பு, நடுவே வெண்கலக் காலம் என்று தனியாக ஒன்று இல்லை என்பதும் அவர் பார்த்தது. 2025 ஜனவரியில் தமிழ்நாடு அரசு வெளியிட்ட ஆய்வறிக்கை, சிவகளையில் கிடைத்த மாதிரிகளின் காலக்கணிப்பைக் கொண்டு இரும்பைக் கி.மு. நான்காம் ஆயிரத்தாண்டுக்குக் கொண்டுபோகிறது. அதைப் பற்றி அறிஞர்களிடையே விவாதம் நடக்கிறது, நடக்கட்டும். கேள்வி ஃபூட்டுடையது.

அவர் சறுக்கிய இடமும் முக்கியமானது. குஜராத்தில் சபர்மதிக் கரையில் பழைய கற்காலக் கருவிகள் அடியிலுள்ள சரளையில் இருந்தன. அதற்கு மேல் ஏறத்தாழ இருநூறு அடிக்குக் காற்று கொண்டுவந்த மண். அதன் உச்சியில் பிற்காலத்துச் சிறு கற்கருவிகள். இதைப் பார்த்தவர், பழைய கற்கால மனிதனுக்கும் புதிய கற்கால மனிதனுக்கும் நடுவே நீண்ட வெற்றிடம் இருந்தது, முன்னவர்களுக்கும் பின்னவர்களுக்கும் தொடர்பே இல்லை என்று முடிவுகட்டினார். வெற்றிடம் மண்ணில் இல்லை, சேகரிப்பில்தான் இருந்தது. தொல்லியலாளர் ஹெச். டி. சங்காலியா 1950களில் மகாராஷ்டிரத்தின் நெவாசாவில் தோண்டியபோது இடைப் பழைய கற்காலம் வெளிப்பட்டது. கர்நூல் குகைகளில் மேலைப் பழைய கற்காலம் கிடைத்தது. ஃபூட்டே தூத்துக்குடிப் பக்கம் சாயர்புரத்துச் செந்தேரியில், அதாவது செம்மணல் மேட்டில், பொறுக்கிய சிறு செதில்கள், நுண்கற்காலத்தைச் சேர்ந்தவை என்று சோய்னரும் ஆல்சினும் அந்தத் தேரிகளை ஆராய்ந்து 1956இல் எழுதியபோது தெளிவாயிற்று. தன் வெற்றிடத்தை நிரப்பும் கற்களில் சில ஏற்கெனவே அவருடைய அலமாரியிலேயே இருந்தன. அவற்றின் மேல் ஊர்ப்பெயர் எழுதியிருந்ததால்தான் மற்றவர்களால் அங்கே போய்ப் பார்த்து அவரைத் திருத்த முடிந்தது.

1930களில் டி. டி. பேட்டர்சனும், அவரைத் தொடர்ந்து வி. டி. கிருஷ்ணசாமியும் கொசஸ்தலை ஆற்றின் படித்தளங்களை ஆராய்ந்தார்கள். ‘சென்னைக் கைக்கோடரி மரபு’ என்ற தொடர் உலகப் பாடநூல்களில் ஏறியது அப்போதுதான். ஆனால் வயது என்ன என்ற கேள்விக்குப் பதில் ஊகமாகவே இருந்தது.

அந்தப் பதிலைத் தேடி 1999இல் சாந்தி பப்பு அத்திரம்பாக்கத்தில் அகழாய்வைத் தொடங்கினார். அவரும் குமார் அகிலேஷும் சென்னையைச் சேர்ந்த சர்மா பண்பாட்டுக் கல்வி மையத்தில் இருந்து இதைச் செய்தார்கள். இங்கே ஒரு வேடிக்கை நடந்தது. ஓடையின் சரளைக்கு அடியில் வரிவரியாக ஒரு களிமண் படிவு உண்டு. ஃபூட் காலம் முதல் எல்லோரும் அதை டைனோசர் காலத்துப் பழம் படிவு என்று கருதி, அங்கே தோண்டுவதை நிறுத்திவிட்டார்கள். டைனோசர் காலத்தில் மனிதன் எப்படி இருப்பான்? நியாயம்தானே. பப்பு குழு களிமண்ணுக்குள் இறங்கியது. மீட்டர் கணக்கில் இறங்க இறங்கக் கைக்கோடரிகள். நூற்று முப்பது ஆண்டுகளாக எல்லோருடைய காலுக்கு அடியிலும் இருந்தவை. வெள்ளம் வடிந்த சமவெளியில் மெல்லப் படிந்த களி அது. விலங்குகளின் குளம்புத் தடங்களும் சில பற்களும் அதில் பதிந்திருந்தன. அந்தக் களியில் பெரிய கற்கள் இயற்கையாகக் கிடையா. பெரிய செதில்களை வேறிடத்தில் உடைத்து, தூக்கிவந்து, இங்கே முடித்திருக்கிறார்கள்.

வயது கண்டுபிடித்த முறையைக் கொஞ்சம் விளக்க வேண்டும். நிலத்தின் மேல் கிடக்கும் குவார்ட்ஸ் கல்லை விண்வெளியிலிருந்து வரும் கதிர்கள் ஓயாமல் தாக்குகின்றன. அதனால் கல்லுக்குள் அலுமினியம்-26, பெரிலியம்-10 என்ற இரு கதிரியக்க அணுக்கள் உண்டாகின்றன, ஏறத்தாழ ஏழுக்கு ஒன்று என்ற விகிதத்தில். கல் ஆழமாகப் புதைந்துவிட்டால் கதிர் எட்டாது, வரவு நின்றுபோகும். செலவு மட்டும் தொடரும். அலுமினியம்-26 பாதியாகக் குறைய ஏழு லட்சம் ஆண்டு, பெரிலியம்-10க்கு அதைப்போல இரண்டு மடங்கு. ஓட்டையுள்ள இரண்டு பானைகளில் ஒன்று மற்றதைவிட வேகமாக ஒழுகினால், மிச்ச நீரின் அளவை ஒப்பிட்டு ஊற்றுவதை எப்போது நிறுத்தினோம் என்று சொல்லிவிடலாம் அல்லவா? அதே கணக்கு. கூடவே களிமண்ணின் காந்தப் பதிவையும் பார்த்தார்கள். இன்றைக்கு எதிர்த் திசையில் பூமியின் காந்தப்புலம் இருந்த காலத்தில் அந்தக் களி படிந்திருந்தது. அப்படியானால் குறைந்தது 10.7 லட்சம் ஆண்டுப் பழமை. இரண்டு முறையும் ஒன்றையொன்று மறுக்கவில்லை. புதைந்த கருவிகளின் சராசரி வயது சுமார் 15 லட்சம் ஆண்டு என்று 2011 மார்ச்சில் ‘சயின்ஸ்’ இதழில் வெளியிட்டார்கள்.

ஐந்தாறு லட்சம் ஆண்டுதான் இருக்கும் என்று பலர் நினைத்திருந்த இடத்தில் பதினைந்து. ஆப்பிரிக்காவில் கைக்கோடரி தோன்றிச் சில லட்சம் ஆண்டுகளுக்குள் திருவள்ளூர் மாவட்டத்தில் அது புழக்கத்தில் இருந்திருக்கிறது.

அத்திரம்பாக்கத்தின் மேல் அடுக்குகள் இன்னொரு கதையைச் சொல்கின்றன. அந்தப் பிடிவாதமான உருவம் அங்கே மெல்லக் கைவிடப்படுகிறது. கைக்கோடரிகள் அருகுகின்றன; சிறிய செதில்களால் ஆன கருவிகள் பெருகுகின்றன. லெவல்லுவா என்னும் உத்தி வருகிறது. கல்லின் முகத்தை முன்கூட்டியே சீர்செய்து வைத்துக்கொண்டு, ஒரே அடியில், வேண்டிய அளவில், வேண்டிய வடிவில் செதிலை எடுப்பது. கைக்கோடரியில் கல்லையே கருவியாக்கினார்கள். இதில் கல்லைத் தயாரிப்பது ஒரு கட்டம், கருவி அதிலிருந்து பிறப்பது அடுத்த கட்டம். யோசனையில் ஒரு படி கூடியிருக்கிறது. மண்துகள் கடைசியாக எப்போது வெயில் பார்த்தது என்று கணிக்கும் ஒளிர்வு முறையில் இந்த மாற்றத்துக்குச் சுமார் 3,85,000 ஆண்டு வயது கிடைத்தது. அது சுமார் 1,72,000 ஆண்டு முன்பு வரை தொடர்கிறது. 2018இல் ‘நேச்சர்’ இதழில் இது வந்தபோது உலக ஆய்வாளர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். ஏனென்றால், இத்தகைய உத்தியை ஆப்பிரிக்காவிலிருந்து நவீன மனிதர்கள்தான் ஒன்றேகால் லட்சம் ஆண்டுகளுக்கு முன்போ பின்போ இங்கே கொண்டுவந்தார்கள் என்பது வழக்கமான விளக்கம். மொராக்கோவின் ஜெபல் இர்ஹூடில் கிடைத்த, நம் இனத்தின் மிகப் பழைய எலும்புகளே சுமார் மூன்று லட்சம் ஆண்டுதான். அப்படியானால் அத்திரம்பாக்கத்து மாற்றம் இங்கேயே முளைத்ததா, அல்லது வேறொரு பழைய இனம் கொண்டுவந்ததா?

எலும்பு இருந்தால் சொல்லிவிடலாம். செம்புரைச் சரளை எலும்பை விட்டுவைப்பதில்லை. இந்தியாவில் இந்தப் பழங்காலத்துக்கு உரியது என்று பரவலாக ஏற்கப்பட்ட மனித எச்சம், 1982இல் நர்மதைக் கரையின் ஹத்னோராவில் அருண் சொனாக்கியா கண்டெடுத்த மண்டையோட்டுப் பகுதி. அவரும் ஃபூட் வேலை பார்த்த அதே நிலவியல் ஆய்வுத்துறைக்காரர். அந்த மண்டையோடு எந்த இனம் என்பதிலும் ஒருமித்த கருத்து இல்லை. ஆகவே பல்லாவரத்துக் கோடரியைச் செய்த கை எப்படிப்பட்ட கை என்பதை, அந்தக் கை செய்த வேலையை வைத்துத்தான் இப்போதைக்குப் பேச முடிகிறது.

பல்லாவரம் இன்று வீடும் கடையும் மேம்பாலமுமாக நிரம்பிவிட்டது. நாவலூர், தாழம்பூர், சிறுசேரிப் பக்கம் நடப்பது வேறு வகை. தாழ்வான மனைகளை உயர்த்த லாரி லாரியாகக் கிராவல் வந்து கொட்டுகிறது. அது எந்தக் குன்றின் அடிவாரம், எத்தனை அடி ஆழம், எந்த அடுக்கு என்று கேட்டால் ஓட்டுநருக்குத் தெரியாது. அவர் தெரிந்துவைத்திருக்க வேண்டிய அவசியமும் இல்லை. அந்த மண்ணில் ஒரு கைக்கோடரி இருக்க வாய்ப்பு உண்டு. இருந்தாலும் அது வாரிப்போட்ட மண்ணில் கிடந்த கல்தான். ஃபூட்டுக்கு முதல் நாள் இருந்த அதே சிக்கல் நமக்கும்.

நெருங்கிய காலத்துச் சான்றுகளுக்கும் இதே கதி. திருப்போரூர் வட்டாரத்துச் சிறுதாவூரிலும் குன்றத்தூரிலும் பெருங்கற்கால ஈமச்சின்னங்கள் உண்டு. பல்லாவரத்திலேயே சுடுமண் ஈமப்பேழைகள் கிடைத்திருக்கின்றன. கல்வட்டத்தின் கற்கள் வீட்டு அஸ்திவாரத்துக்குப் போய்விட்டால் உள்ளே இருக்கும் பேழையைக் காட்டிக்கொடுக்க மேலே ஒன்றும் மிஞ்சாது.

இந்தப் பகுதியில் செதுக்கிய கல் ஒன்று உங்கள் கண்ணில் பட்டால் முதலில் கையில் எடுக்காதீர்கள். பக்கத்தில் அளவுக்கு ஒரு நாணயத்தையோ பேனாவையோ வைத்து, கிடக்கிற நிலையிலேயே படம் எடுங்கள். பின்னால் நிற்கும் மண்சுவரும் படத்தில் வரட்டும். அடுக்கு அங்கேதான் தெரியும். கைபேசியில் இருப்பிடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். அது லாரியில் வந்த மண் என்றால் எங்கிருந்து வந்தது என்று விசாரித்து எழுதிவையுங்கள். மாநிலத் தொல்லியல் துறைக்குத் தகவல் சொல்லுங்கள். முழுக் கோடரி எப்படி இருக்கும் என்று பார்த்துப் பழக எழும்பூருக்குப் போகலாம். அத்திரம்பாக்கத்துப் பக்கமே போக விரும்பினால் பூண்டி நீர்த்தேக்கத்தை ஒட்டித் தொல்லியல் துறையின் சிறிய அருங்காட்சியகம் இருக்கிறது.